த்ரெட் பாடத்தில் ஒரு வரியை மாற்ற வேண்டும்

அன்புள்ள ஆசிரியருக்கு வணக்கம்.

உங்கள் மாணவர் இணைப்பில் வரும் பைத்தான் தொடரை என்னிடம் படிக்கும் பிள்ளைகள் வெட்டி நோட்டில் ஒட்டி வைத்துக்கொள்கிறார்கள், அதனால்தான் இதை எழுதுகிறேன். போன வாரப் பாடத்தில் ஃபார் லூப்புக்குள் ஒரு லாம்ப்டா (பெயரில்லாத குட்டி ஃபங்ஷன்) எழுதி, லூப்பின் வேரியபிளை அப்படியே அதற்குள் போட்டு ஐந்து த்ரெட்களை (ஒரே நிரலுக்குள் பக்கத்தில் பக்கத்தில் ஓடும் தனி வேலைகளை) ஓடவிட்டிருந்தீர்கள். 0 முதல் 4 வரை சரியாக வந்ததென்று வெளியீட்டையும் அச்சிட்டிருந்தீர்கள். வந்திருக்கும், சந்தேகமே இல்லை. ஆனால் அது நேரம் கைகொடுத்ததால் வந்த விடை.

பைத்தானில் லூப் சுற்றுக்கொரு புது வேரியபிளை உண்டாக்குவதில்லை, ஒரே பெயருக்குத்தான் மதிப்பு மாறிக்கொண்டே இருக்கிறது. லாம்ப்டாவும் அந்த மதிப்பை எடுத்துப் பத்திரப்படுத்துவதில்லை, ஓடும்போதுதான் போய்ப் பார்க்கிறது. கையில் டோக்கன் சீட்டு வாங்காமல், கூப்பிடும்போது சுவர்ப்பலகையில் என்ன எண் ஓடுகிறதோ அதுதான் என் எண் என்று நிற்பது மாதிரி. ஸ்டார்ட் சொன்னதும் த்ரெட் பெரும்பாலும் உடனே ஓடிவிடுவதால் தப்பு வெளியே தெரிவதில்லை.

சோதித்துப் பார்ப்பது சுலபம். லாம்ப்டாவுக்குப் பதில் லூப்புக்குள்ளேயே ஒரு ஃபங்ஷன் எழுதி, அதன் முதல் வரியில் ஒரு விநாடி ஸ்லீப், அடுத்த வரியில் பிரிண்ட் வையுங்கள். ஐந்து முறையும் 4 என்றே வரும். ஸ்லீப் இல்லாமல், எல்லா த்ரெட்களையும் லிஸ்டில் சேர்த்து லூப் முடிந்தபின் ஸ்டார்ட் செய்தாலும் இதேதான். நிஜ வேலையில் அந்த ஸ்லீப் இருக்கும் இடத்தில் ஒரு டவுன்லோடோ டேட்டாபேஸ் தேடலோ இருக்கும். ஐந்து பேருக்குப் போக வேண்டிய மெயில் ஒருவருக்கே ஐந்து முறை போகும், எர்ரர் எதுவும் வராது.

பெரிய இடத்திலும் நடந்திருக்கிறது. 2020 பிப்ரவரியில், இணையதளங்களுக்குப் பாதுகாப்புச் சான்றிதழ் தரும் லெட்ஸ் என்கிரிப்ட் நிறுவனம் தன் மென்பொருளில் இதே வகைப் பிழையைக் கண்டுபிடித்தது, அது கோ மொழியில் எழுதியது. ஒரு விண்ணப்பத்தில் பல டொமைன்களை (இணையதளப் பெயர்களை) மறுசோதனை செய்ய வேண்டியிருந்தால், அவற்றில் ஒன்றையே அத்தனை முறையும் சோதித்திருக்கிறது. 30 லட்சத்துக்கும் அதிகமான சான்றிதழ்கள் இதில் சிக்கின. கோ மொழியில் 2024-இல் வந்த 1.22 பதிப்பிலிருந்து சுற்றுக்கொரு புது வேரியபிள் என்று லூப்பின் விதியையே மாற்றிவிட்டார்கள். பைத்தானில் பழைய விதிதான், ஆகவே நாம்தான் கவனமாக எழுத வேண்டும்.

திருத்தமும் சின்னதுதான். வேரியபிளை லாம்ப்டாவுக்குள் போடாமல், த்ரெட் உண்டாக்கும்போதே ஆர்க்ஸ் (args, ஃபங்ஷனுக்குப் போக வேண்டிய மதிப்புகளைத் தரும் இடம்) வழியாகக் கொடுத்துவிட்டால் அந்தச் சுற்றின் மதிப்பு அப்போதே போய்ச் சேர்ந்துவிடும். அடைப்புக்குறிக்குள் மதிப்புக்குப் பின்னால் ஒரு கமா கட்டாயம். கமா விட்டுப்போனால் எண்ணுக்கு எர்ரர் வரும். ஸ்டிரிங் என்றால் எழுத்தெழுத்தாகப் பிரிந்து தனித்தனி ஆர்க்யுமென்ட்டாகப் போய் நிற்கும், அதையும் பாடத்தில் சொல்லிவிடுங்கள். லாம்ப்டாவிலேயே டிஃபால்ட் மதிப்பாக வைக்கும் வழியும் உண்டு, சரிதான், ஆனால் புதிதாகப் படிப்பவர்களுக்கு ஆர்க்ஸ்தான் தெளிவு. அப்புறம், ஒரே லிஸ்டைச் சுற்றுக்குச் சுற்று காலி செய்து நிரப்பி அனுப்பினால் ஆர்க்ஸும் காப்பாற்றாது, காப்பி எடுத்துத்தான் அனுப்ப வேண்டும்.

அடுத்த இதழில் பழைய நிரலையும் திருத்திய நிரலையும் பக்கத்தில் பக்கத்தில், ஸ்லீப் வைத்த வெளியீட்டோடு அச்சிடுங்கள். நோட்டில் ஏற்கெனவே ஒட்டியிருக்கும் பக்கத்தின் மேல் பிள்ளைகள் அதை ஒட்டிக்கொள்ளட்டும்.

இப்படிக்கு,
ஒரு வாசகர், மதுரை