பேத்தியின் பெயர் குறித்து

அன்பு மகளுக்கு, அஸ்ஸலாமு அலைக்கும்.

பிள்ளைக்குப் பாத்திமா என்று பெயர் வைக்க மாப்பிள்ளை வீட்டார் விரும்புவதாகவும், வீட்டுக்கு வீடு இருக்கிற பெயர் என்பதால் உனக்கு அதில் மனம் ஒப்பவில்லை என்றும் எழுதியிருந்தாய். பெற்றவள் நீ, முடிவும் உன்னுடையதே. ஆயினும் பலருக்கும் இருக்கிறது என்ற ஒரே காரணத்துக்காக அதைத் தள்ளிவிட வேண்டாம் என்பது என் எண்ணம்.

அரபியில் இதன் வேர்ச்சொல் பால்குடி மறக்கச் செய்வதைக் குறிப்பது. ஆகவே பிள்ளையைப் பால் மறக்கச் செய்பவள் என்பது பாத்திமாவின் நேர்ப்பொருள். தீயவற்றிலிருந்து விலகி நிற்பவள் என்றும் விரித்துச் சொல்வார்கள். ஆனால் அகராதியைப் பார்த்து யாரும் இந்தப் பெயரை வைப்பதில்லை. நபிகள் நாயகம் (ஸல்) அவர்களின் மகளாரும், அலீ (ரலி) அவர்களின் மனைவியும், ஹஸன், ஹுஸைன் இருவரின் தாயாருமான அந்தப் பெருமாட்டியை நினைத்தே வைக்கிறார்கள். திரிகை சுற்றிச் சுற்றிக் கை நொந்துபோய், வேலைக்கு ஓர் ஆள் வேண்டுமென்று தந்தையாரிடம் கேட்கச் சென்றவர் அவர். அன்றிரவு மகள் வீட்டுக்கு வந்த நாயகம், உறங்கப் போகும்முன் சுப்ஹானல்லாஹ் 33, அல்ஹம்துலில்லாஹ் 33, அல்லாஹு அக்பர் 34 தடவை ஓதுவது பணியாளைவிட மேலானது என்று கற்றுக்கொடுத்தார்கள். சிறுவயதில் நீ விரல் மடக்கி எண்ணிய தஸ்பீஹ் அதுதான். அரசரின் மகளைப்போல் வாழாமல் மாவரைத்து வாழ்ந்தவரின் பெயர் என்பதால்தானோ என்னவோ, ஏழை வீட்டிலும் செல்வர் வீட்டிலும் அது ஒன்றுபோல் பொருந்துகிறது.

ஈரானில் ஃபாத்திமே என்றும் துருக்கியில் ஃபத்மா என்றும் மிகுதியான பெண்களுக்கு வழங்குவது இதுவே. மேற்கு ஆப்பிரிக்காவில் ஃபத்து, ஃபத்துமாத்தா என்பார்கள். 909இல் வட ஆப்பிரிக்காவில் எழுந்து, பின்னர் கெய்ரோ நகரை நிறுவிய ஃபாத்திமிய்ய அரசர்கள் தம் மரபுக்கே இப்பெயரைச் சூட்டிக்கொண்டார்கள். போர்த்துகலில் ஓர் ஊருக்கும் இதே அரபுப் பெயர் உண்டு. 1917இல் மாதா அங்கே காட்சி தந்ததாகக் கத்தோலிக்கர் நம்புவதால், நம் பக்கத்துக் கிறிஸ்தவ வீடுகளிலும் பாத்திமா மேரிகள் இருக்கிறார்கள். மதுரையில் கன்னியர் நடத்தும் பாத்திமா கல்லூரிக்கும் அந்த வழியாக வந்த பெயர்தான். இரண்டு சமயத்தார் மனமுவந்து வைக்கும் அரபுப் பெயர் வேறு எத்தனை இருக்கும், சொல்!

படித்து முன்னேறுகிற பெண்ணுக்குப் பழம்பெயர் எதற்கு என்று உன் தோழி கேட்டதாக எழுதியிருந்தாய். 1989இல் உச்ச நீதிமன்றத்தின் முதல் பெண் நீதிபதியாகி, 1997 முதல் 2001 வரை தமிழ்நாட்டின் ஆளுநராகவும் இருந்தவர் பாத்திமா பீவி. அந்த அம்மையாருக்குப் பெயர் எவ்விதத் தடையாகவும் இருக்கவில்லை.

பள்ளியில் நாலைந்து பாத்திமாக்களுக்கு நடுவே பிள்ளை குழம்பிப்போகும் என்ற உன் அச்சம் நியாயமானது. அதற்குத்தான் நம்மவர்கள் நூர் பாத்திமா, ரஹ்மத் பாத்திமா என்று இன்னொரு பெயரைச் சேர்த்துக்கொள்கிறார்கள். உன் வாப்பும்மா, அதாவது என் தாயார், ரேஷன் அட்டையில் மட்டுமே பாத்திமா பீவி. தெருவுக்கு அவர் பாத்துமுத்து. முன்னால் சேர்க்க ஒரு பெயரை நீ தேர்ந்தெடுத்தால் மாப்பிள்ளை வீட்டாரின் ஆசையும் நிறைவேறும், உன் குறையும் தீரும்.

எதை முடிவு செய்தாலும், பிறப்புச் சான்றிதழில் பதியும்போது ஆங்கில எழுத்தைக் கவனித்துக்கொள். நம் ஊரில் ‘டி’யுடன் ‘எச்’ சேர்த்து எழுதுவது வழக்கம். வெளிநாடுகளில் பெரும்பாலும் ‘எச்’ இல்லாமலே எழுதுகிறார்கள். எப்படி எழுதினாலும் சான்றிதழிலும் பாஸ்போர்ட்டிலும் ஒன்றாக இருக்க வேண்டும். பிள்ளை பிறந்ததற்காகக் கொடுக்கும் அகீகா விருந்துக்கு உன் உம்மாவும் நானும் முதல் நாளே வந்துவிடுவோம். அதற்குள் முன்பெயரை எழுதி அனுப்பு.

வஸ்ஸலாம்,
உன் வாப்பா