'பட்டியல் அக்கா' எழுதுகிறேன்

ஆசிரியர் அவர்களுக்கு,

கடந்த ஞாயிறு உங்கள் பத்திரிகையில் ஒரு வாசகர், "சமூகசேவை என்று திரிந்தவர்கள் பிரதேச சபைக்குப் போய்க் கதிரையைச் சூடாக்கியதுதான் மிச்சம்" என்று எழுதியிருந்தார். அந்தக் கதிரைகளில் ஒன்றில் 2018 மார்ச்சில் இருந்து 2023 மார்ச் வரை இருந்தவள் நான். ஐயா சொன்னதில் பாதி சரி.

பதினெட்டு வருடம் மாதர் சங்கத்திலும் மாற்றுத்திறனாளிகளோடும் வேலை செய்தேன். அப்போதெல்லாம் ஒரு கட்சிக்காரரும் எங்கள் படலையைத் திறந்ததில்லை. 2018 தேர்தலுக்குப் பெண்களுக்கு 25 சதவீதம் என்று சட்டம் வந்ததும்தான் ஆள் தேடி வந்தார்கள். கட்சியின் மேலதிகப் பட்டியலில் பெயரைப் போட்டார்கள், வட்டாரத்தில் நிற்காமலே உள்ளே போய்விட்டேன். வட்டாரத்தில் வென்று வந்த ஆண்கள் எனக்கு வைத்த பெயர் 'பட்டியல் அக்கா'. மாதக் கொடுப்பனவு பெற்றோலுக்கும் செத்தவீட்டு மாலைக்கும் சரியாக இருந்தது.

எங்கள் நூலகத்துக்கு ஒன்றரை அடி உயரத்தில் மூன்று படி. சக்கர நாற்காலியில் வரும் ஒரு பிள்ளை வெளியே வேப்பமரத்தடியில் நிற்க, அவளுடைய தம்பி உள்ளே போய்ப் புத்தகம் எடுத்து வருவான். இவள் கேட்பது ஒன்று, அவன் கொண்டுவருவது ஒன்று. மூன்று அமர்வுகளில் சாய்தளம் கேட்டேன். போட்டார்கள். மேசன் படியின் சரிவிலேயே சீமெந்தை இழுத்து விட்டிருந்தார். அதில் ஏறப் பார்த்தால் நாற்காலி பின்னால் உருண்டு வாய்க்காலுக்குள்தான் போகும். ஒரு அடி உயரத்துக்குப் பன்னிரண்டு அடி நீளம் வேண்டும், அப்படியென்றால் பதினெட்டு அடி. சொன்னால் விளங்கவில்லை. அடுத்த அமர்வுக்கு அளவுநாடா கொண்டுபோய், என் கதிரையில் இருந்து தவிசாளரின் மேசை வரை இழுத்துக் காட்டினேன். சபையே சிரித்தது. ஆனால் உடைத்து, மதிலோரம் வளைத்துத் திரும்பவும் போட்டார்கள்.

சரி, அதற்குப் பிறகுதான் ஐயா சொன்ன அந்தப் பாதி வருகிறது. நாற்காலியின் பின்சில்லு நெளிந்தபோது புதியது ஒன்று எடுத்துக்கொடுக்க என்னால் முடியவில்லை. சமூகசேவை என்பது அரசியலமைப்பின் 13ஆவது திருத்தத்தின்படி மாகாண சபையின் வேலை. உத்தியோகத்தர்களைக் குறை சொல்லமாட்டேன், நிதி வந்தால் தருகிறோம் என்றார்கள். நிதி ஏன் வரவில்லை என்று எழும்பிக் கேட்க மாகாண சபையில் ஒரு உறுப்பினர் வேண்டுமே! 2013 செப்டெம்பரில் நாங்கள் தெரிவு செய்த வட மாகாண சபையின் காலம் 2018 ஒக்டோபரில் முடிந்தது. அன்றிலிருந்து ஆளுநரும் அதிகாரிகளும்தான்.

ஏன் தேர்தல் இல்லை? 2017இல் தேர்தல் முறையை மாற்றினார்கள். அதற்காகத் தொகுதிகளைப் பிரித்த எல்லை நிர்ணய அறிக்கை 2018 ஓகஸ்டில் நாடாளுமன்றத்துக்கு வந்தபோது எதிராக 139 வாக்கு, ஆதரவாக ஒன்றுகூட இல்லை. அறிக்கையைக் கொண்டுவந்த அமைச்சரே எதிர்த்து வாக்களித்தார். பழைய முறையும் போய், புதியதும் வராமல் நிற்கிறது. தெருவிளக்கு, மதகு என்று சபையில் வேலை பழகிய ஒருவர் அடுத்துப் போகவேண்டிய கதவு இப்படித்தான் பூட்டிக் கிடக்கிறது.

2025 மே தேர்தலுக்கும் என்னைக் கேட்டு வந்தார்கள். பிரதேச சபைக்கு இளம் பிள்ளைகளைப் போடுங்கள், மாகாண சபைத் தேர்தல் வந்தால் வாருங்கள், நான் நிற்கிறேன் என்றேன். வந்தவர் சிரித்தார், தேத்தண்ணியைக் குடித்தார், போய்விட்டார்.

நாற்காலியைக் கடைசியில் சந்தியில் இருக்கும் சைக்கிள் கடைக்காரர்தான் வேறொரு சில்லுப் போட்டு ஓடவைத்தார். காசும் வாங்கவில்லை. பின்னேரம் நாலு மணிக்குப் பிறகு ஐயா எங்கள் நூலகப் பக்கம் வந்தால் அந்தப் பிள்ளையைப் பார்க்கலாம். இப்போது தன்னுடைய புத்தகத்தைத் தானே தேடி எடுக்கிறாள்.

முன்னாள் பிரதேச சபை உறுப்பினர்,
வலிகாமம், யாழ்ப்பாணம்.