தவணை மாறவில்லை, கடன் மட்டும் 2062 வரை நீண்டது: வீட்டுக் கடன் குறித்த புகார்

அனுப்புநர்: வீட்டுக் கடன் வாடிக்கையாளர், கரூர்

பெறுநர்: முதன்மைக் குறைதீர் அதிகாரி, வங்கித் தலைமை அலுவலகம்

நாள்: 16 ஜூன் 2025

பொருள்: என் ஒப்புதல் இல்லாமல் வீட்டுக் கடனின் காலத்தை நீட்டியது, அதன் உண்மையான மொத்தச் செலவை மறைத்தது, திருச்சி கடன் மையத்தில் நடத்தப்பட்ட விதம் ஆகியவை தொடர்பாக.

மதிப்பிற்குரிய ஐயா / அம்மையீர்,

வணக்கம். 2021 ஜனவரியில் நானும் என் மனைவியும் கூட்டாகத் தங்கள் வங்கியில் வாங்கிய 30 லட்சம் ரூபாய் வீட்டுக் கடன் தொடர்பாகக் கரூர் கிளை, வாடிக்கையாளர் சேவை எண், மின்னஞ்சல், திருச்சியிலுள்ள கடன் மையம் என எல்லா இடங்களிலும் முறையிட்டு, எங்கும் நேரான பதில் கிடைக்காமல் ஓய்ந்த பிறகே இக்கடிதத்தை எழுதுகிறேன். ஒவ்வொருவரிடமும் முதலிலிருந்து சொல்லிச் சொல்லி எனக்கே அலுத்துவிட்டது. ரெப்போ விகிதம் (வங்கிகளுக்குத் தரும் குறுகியகாலக் கடனுக்கு ரிசர்வ் வங்கி வாங்கும் வட்டி) மாறும்போது கூடவே மாறும் மிதக்கும் வட்டி என்றால் என்ன, காலாண்டுக்கு ஒருமுறை அது எப்படி மாறுகிறது என்பதையெல்லாம் தங்களுக்கு நான் விளக்க வேண்டியதில்லை. அது தங்கள் திட்டம், தங்கள் கணினி போடும் கணக்கு.

கடன் வழங்கியபோது வட்டி 7 சதவீதம், அதாவது அன்றைய ரெப்போ விகிதமான 4 சதவீதமும் தங்கள் பங்காகச் சேர்த்த 3 சதவீதமும். காலம் 240 மாதம், மாதத் தவணை 23,259 ரூபாய். கடனை விற்க வந்த தங்கள் பிரதிநிதி எங்கள் வீட்டு வரவேற்பறையில் அமர்ந்து, "தவணை இதுதான் சார், கண்ணை மூடிக்கிட்டுக் கட்டலாம்" என்றார். அவர் சொன்னபடியே தவணையில் ஒரு ரூபாயும் மாறவில்லை என்பதை நேர்மையாக ஒப்புக்கொள்கிறேன். மாறியதெல்லாம் மற்றவைதான்.

2025 மார்ச் 31-ஆம் தேதியிட்ட கடன் கணக்கு அறிக்கை, பலமுறை கேட்ட பிறகு, மே மாதத்தில் என் கைக்கு வந்தது. அதுவரை 50 தவணைகளாக 11,62,950 ரூபாய் கட்டியிருக்கிறேன். அதில் அசலில் கழிந்தது 1,44,574 ரூபாய் மட்டுமே. மீதமுள்ள தவணைகள் என்ற கட்டத்தில் 453 என்று அச்சாகியிருந்தது. எழுத்துப் பிழையாக இருக்கும் என்று எண்ணி மூக்குக் கண்ணாடியைத் துடைத்துவிட்டு மறுபடியும் பார்த்தேன். கட்டிய 50, கட்ட வேண்டிய 453, ஆக 503 மாதங்கள். கடைசித் தவணை 2062 டிசம்பரில். அப்போது எனக்கு 82 வயதாகியிருக்கும். வீட்டுக் கடனுக்கு அதிகபட்சக் காலம் 30 ஆண்டுகள் என்று தங்கள் விளம்பரத் தாளிலேயே போட்டிருக்கிறீர்கள். எனக்கு மட்டும் ஏறக்குறைய 42 ஆண்டுகளை வாரி வழங்கிய அதிகாரி யார் என்று அறிய ஆவலாக இருக்கிறேன்.

2022 மே முதல் 2023 பிப்ரவரி வரையிலான காலத்தில் ரிசர்வ் வங்கி ரெப்போவை 4 சதவீதத்திலிருந்து 6.50 சதவீதத்துக்கு உயர்த்தியது நாடறிந்த செய்தி. அதற்கு நான் தங்களைக் குறை சொல்லவில்லை. 2023 மே மாதம் என் வட்டி 9.50 சதவீதமானபோது, நான் கட்டிய 23,259 ரூபாயில் 22,714 ரூபாய் வட்டிக்கே போய், அசலுக்கு 545 ரூபாய் மட்டுமே சேர்ந்தது. இருபது ஆண்டுக் காலத்தை அப்படியே காப்பாற்றியிருக்க வேண்டுமானால் அன்று தவணை சுமார் 27,900 ரூபாயாக இருந்திருக்க வேண்டும். மாதம் 4,700 ரூபாய்க்கும் குறைவான அந்த வித்தியாசத்தை, என் மனைவியின் தையல் வருமானத்திலிருந்தாவது நாங்கள் கட்டியிருப்போம். கேட்டீர்களா? தவணையை உயர்த்தட்டுமா, காலத்தை நீட்டட்டுமா என்று ஒரு வார்த்தை கேட்க யாருக்கும் மனம் வரவில்லை. குறுஞ்செய்தி அனுப்பியதாகத் தங்கள் சேவை மையம் சொல்கிறது. வட்டி மாற்றியமைக்கப்பட்டுள்ளது என்ற ஒற்றை வரிதான் அதில் இருந்தது; 503 மாதம் என்று எந்தச் செய்தியிலும் இல்லை.

இந்த இடத்தில் திருச்சிப் பயணத்தைச் சொல்லியாக வேண்டும், ஏனெனில் நான் இக்கடிதம் எழுதுவதற்கு அந்த எண்களைக் காட்டிலும் அந்த நாளே பெரிய காரணம். கடன்தாரர்கள் இருவரும் நேரில் வந்து கையொப்பமிட்டால்தான் தவணையை உயர்த்த முடியும் என்று கரூர் கிளையில் கூறியதை நம்பி, ஏற்றுமதிச் சரக்கு கிளம்பும் நெருக்கடியான வாரத்தில் நான் விடுப்பு எடுத்தேன். என் மனைவி கைவேலையைப் பாதியில் நிறுத்திவிட்டு வந்தார். காலையில் டோக்கன் வாங்கி மதிய உணவு வேளை கடந்த பிறகு எங்கள் முறை வந்தது. எங்கள் கோப்பு சென்னைக்குப் போய்விட்டதாகவும், இருவரும் வந்திருக்கவே வேண்டியதில்லை என்றும், மின்னஞ்சல் போதும் என்றும் அந்த அலுவலர் எங்கள் முகத்தைப் பாராமலே சொன்னார். நான் அனுப்பிய மின்னஞ்சலுக்குப் பதிலாகத்தான் நேரில் வரச் சொன்னார்கள் என்றேன். "அது கிளையில சொன்னது, அங்க போய்க் கேளுங்க" என்றார்.

அத்துடன் விட்டிருந்தாலும் பொறுத்திருப்பேன். என் மனைவி மிகவும் பணிவாக, "அப்போ அசல் எப்போ சார் குறையும்?" என்று கேட்டார். "வட்டி போக மிச்சம் இருந்தா குறையும்மா" என்று சொல்லிவிட்டு அவர் பக்கத்து இருக்கைக்காரரைப் பார்த்துச் சிரித்தார். கணக்கைக் காட்டுங்கள் என்று நான் எட்டிப் பார்த்ததும் கணினித் திரையைத் தன் பக்கம் திருப்பிக்கொண்டார். பிறகு, "தவணை ஏறலைல்ல சார், அப்புறம் என்ன பிரச்சினை உங்களுக்கு? கையெழுத்துப் போடும்போது படிக்கலையா?" என்றார். படித்தேன், ஐயா. வட்டி மாறும்போது தவணையையோ காலத்தையோ வங்கி தன் விருப்பப்படி மாற்றலாம் என்ற வரியைப் படித்துத்தான் கையொப்பமிட்டேன். வட்டி இரண்டரை சதவீதம் ஏறினால் காலம் இரண்டு மடங்குக்கு மேல் நீளும் என்பது அந்த ஒப்பந்தத்தின் எந்தப் பக்கத்தில் இருக்கிறது என்று அவரே காட்டட்டும். கரூரில் ஃபைனான்ஸ் நடத்துபவர்கூட அசல் எவ்வளவு நிற்கிறது என்பதை நோட்டில் எழுதி வாடிக்கையாளர் பக்கம் திருப்பிக் காட்டுவார்.

2023 ஆகஸ்ட் 18-ஆம் தேதி ரிசர்வ் வங்கி வெளியிட்ட சுற்றறிக்கை தங்கள் அலுவலகத்துக்கும் வந்திருக்கும் என்றே நம்புகிறேன். வட்டி மாறும்போது தவணையை உயர்த்துவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கலந்து செய்வதா என்று தேர்ந்தெடுக்கும் வாய்ப்பைக் கடன் வாங்கியவருக்குத் தர வேண்டும்; வங்கி வகுத்த கொள்கைப்படி நிலையான வட்டிக்கு மாற வழி விட வேண்டும்; காலாண்டு தோறும் இதுவரை வசூலித்த அசல், வட்டி, தவணைத் தொகை, மீதமுள்ள தவணைகள், ஆண்டு வட்டி ஆகியவற்றை எளிதில் புரியும் அறிக்கையாக அளிக்க வேண்டும் என்று அது சொல்கிறது. பழைய கடன்களுக்கும் 2023 டிசம்பர் 31-க்குள் இதை நடைமுறைப்படுத்தியிருக்க வேண்டும். எனக்குக் கிடைத்த முதல் அறிக்கையே 2025 மார்ச் அறிக்கைதான், அதுவும் மன்றாடி வாங்கியது.

ரெப்போ குறையத் தொடங்கியதும் 2025 மே மாதம் என் வட்டி 9 சதவீதமாகி, மீதமுள்ள தவணைகள் 339 ஆயின. இதைத் தொலைபேசியில் தெரிவித்தவர் அதே திருச்சி அலுவலர்தான் என்பதைக் குரலிலேயே கண்டுகொண்டேன். "ஒரே மாசத்துல நூறு மாசத்துக்கு மேல குறைஞ்சிருக்கு, சந்தோஷப்படுங்க சார்" என்றார். அரை சதவீதம் இறங்கினால் ஒன்பது ஆண்டுக்கு மேல் குறைகிற கடன், அரை சதவீதம் ஏறினால் என்னவாகும் என்பது அவருக்குத் தெரியாமலா இருக்கும்? அன்றைக்கே கணக்குப் போட்டுப் பார்த்தேன். 2041-இல் முடிக்க வேண்டுமானால் இப்போது மாதம் சுமார் 28,300 ரூபாய் கட்ட வேண்டும். வட்டி 9.50 சதவீதமாக இருந்த 2023-இல் 27,900 போதுமாயிருந்தது. வட்டி குறைந்த பிறகு கூடுதலாகக் கட்ட வேண்டியிருக்கிறது. இடையில் போன இரண்டு ஆண்டுகளில் அசல் அசையாமல் நின்றதற்கான விலை இது.

மார்ச் அறிக்கையின்படி கடைசிவரை கட்டினால் மொத்தம் ஏறத்தாழ 1.17 கோடி ரூபாய். 2023 மே மாதமே தவணையை உயர்த்தியிருந்தால் அதே வட்டியிலும் ஏறத்தாழ 66 லட்சத்தில் முடிந்திருக்கும். ஆகவே 51 லட்சம் ரூபாய் தங்கள் வங்கியால் எனக்கு நேர்ந்த நஷ்டம் என்றே கருதுகிறேன். வட்டி இறங்கிவிட்டதால் இது வெறும் ஏட்டுக் கணக்கு என்று தாங்கள் வாதிடலாம். என் மகளின் மேற்படிப்புக்கு வைத்திருந்த திட்டம் குலைந்ததையும், என் மனைவி அன்று அந்த மேசை முன் கூசி நின்றதையும் சேர்த்தால் ஒரு கோடி கேட்டாலும் தகும்.

கோபத்தில் இன்னொன்றை விட்டுவிட்டேன். அந்த 30 லட்சத்தில் 78,000 ரூபாய், நான் இறந்தால் பாக்கியை அடைக்கும் கடன் காப்பீட்டுக்கான ஒற்றைப் பிரீமியம். எடுத்தால்தான் கடன் சீக்கிரம் கிடைக்கும் என்று சொல்லிக் கடனோடு சேர்த்துவிட்டார்கள். அதற்கும் வட்டி கட்டிக்கொண்டிருக்கிறேன். முதலில் சொன்ன 7 சதவீதத்தில், 240 மாதத்தில் முடிந்திருந்தாலே அந்த 78,000 எனக்கு 1.45 லட்சமாகியிருக்கும். அதைவிட மோசமானது, காப்புத் தொகை பழைய இருபது ஆண்டு அட்டவணைப்படி ஆண்டுதோறும் குறைகிறது, கடனோ குறையவில்லை. மார்ச் மாத நிலவரப்படி அட்டவணையில் இருக்க வேண்டிய பாக்கி 26.67 லட்சம், உண்மைப் பாக்கி 28.55 லட்சம். நான் இன்று கண்ணை மூடினால் 1.88 லட்சம் ரூபாய் என் குடும்பத்தின் தலையில் விழும். 2041-க்குப் பிறகு காப்பீடே கிடையாது, கடன் மட்டும் இருக்கும். இது பற்றிக் கேட்டால் காப்பீட்டு நிறுவனத்தைக் கேளுங்கள் என்கிறார்கள். விற்றது தாங்கள், தரகுத் தொகை பெற்றதும் தாங்கள்.

செயலாக்கக் கட்டணம், அதற்கு 18 சதவீத ஜிஎஸ்டி, வழக்கறிஞர் கருத்துரை, மதிப்பீட்டாளர் கட்டணம், வீட்டுப் பத்திரத்தை வங்கியில் அடமானமாக ஒப்படைத்ததற்கான எம்.ஓ.டி. பதிவுச் செலவு ஆகியவை பற்றி நான் புகார் சொல்லவில்லை; அவற்றுக்கு ரசீதாவது இருக்கிறது. வருமான வரிச் சலுகையைக் காட்டி ஆசை வார்த்தை சொன்னதைத்தான் நினைவூட்டுகிறேன்: குடியிருக்கும் வீட்டின் வட்டிக்குக் கழிவு பழைய வரி முறையில் ஆண்டுக்கு 2 லட்சம் வரைதான், என்னிடமிருந்து தாங்கள் எடுத்த வட்டியோ ஓர் ஆண்டில் 2.7 லட்சம்.

தங்கள் வங்கியின் மீது இன்னும் மரியாதை வைத்திருக்கிறேன். என் தந்தையின் ஓய்வூதியக் கணக்கும் இங்கேதான் இருந்தது. ஆகவே பணிவுடன் வேண்டுகிறேன்: கடன் தொடங்கிய நாள் முதல் வட்டி மாறிய ஒவ்வொரு தேதியையும், அன்றைய பாக்கி, மீதமுள்ள தவணைகள் ஆகியவற்றையும் எழுத்து வடிவில் தாருங்கள். எவ்விதக் கட்டணமும் இல்லாமல் கடனை 2041 ஜனவரியில் முடியும்படி மாற்றியமையுங்கள். 2023 டிசம்பர் 31-க்குப் பிறகு தேர்வு வாய்ப்பைத் தராமல் வசூலித்த கூடுதல் வட்டியை அசலில் வரவு வையுங்கள். காப்பீட்டில் விழுந்த இடைவெளியைத் தங்கள் செலவில் சரிசெய்யுங்கள். புதிய வாடிக்கையாளர்களுக்கு ரெப்போவின் மேல் இப்போது சேர்க்கும் விகிதம் என்னுடைய 3 சதவீதத்தைவிடக் குறைவு என்பதும் எனக்குத் தெரியும். அதற்கு மாற்ற எவ்வளவு கேட்பீர்கள் என்பதையும் மறைக்காமல் எழுதுங்கள்.

30 நாட்களுக்குள் பதில் வராவிட்டாலோ, வழக்கமான அச்சடித்த பதில் வந்தாலோ, ரிசர்வ் வங்கியின் ஒருங்கிணைந்த குறைதீர்ப்பாளர் திட்டம் 2021-இன் கீழ் புகார் பதிவு செய்வேன். இழப்பீடாக 20 லட்சம் வரையிலும், அலைச்சலுக்கும் மன உளைச்சலுக்கும் தனியே ஒரு லட்சம் வரையிலும் வழங்க அவருக்கு அதிகாரம் உண்டு. அதிலும் தீராவிட்டால் மாவட்ட நுகர்வோர் ஆணையத்துக்குப் போகவும் தயங்கமாட்டேன். அதுவரை தவணையை ஒரு நாளும் தவறவிடமாட்டேன் என்பதால், அதைக் காரணம் காட்டி அபராதக் கட்டணம் விதிக்கும் வாய்ப்பும் தங்களுக்குக் கிடைக்காது.

பதிலைத் தமிழில், அதிகாரியின் கையொப்பத்துடன், பதிவஞ்சலில் அனுப்புங்கள். என் மனைவியும் கடன்தாரர் என்பதால் அவர் பெயருக்கும் ஒரு பிரதி தேவை. தொலைபேசியில் அழைக்க வேண்டாம். குறிப்பாக அந்தத் திருச்சி அலுவலரை விட்டு அழைக்க வேண்டாம்.

இப்படிக்கு,
தங்கள் வீட்டுக் கடன் வாடிக்கையாளர்,
கரூர்