பழைய ஹார்ட் டிஸ்க்கை உடைக்க வேண்டாம், கொண்டு வாருங்கள்

எங்கள் வாடிக்கையாளர்கள் அனைவருக்கும் வணக்கம்.

உப்புவெளி, நிலாவெளிப் பக்கம் சீசன் முடிந்ததும் ஹோட்டல்காரர் பழைய கம்ப்யூட்டர்களை மாற்றுவது வழக்கம். இம்முறை எங்கள் கடைக்கு வந்தவற்றில் பலவற்றின் ஹார்ட் டிஸ்க் சுத்தியலால் அடிபட்டிருந்தது. காரணம் எங்களுக்கு விளங்குகிறது. தங்கிப்போனவர்களின் பாஸ்போர்ட் பிரதி, வேலையாட்களின் அடையாள அட்டை, வங்கிக் கணக்கு எல்லாம் அதற்குள்தானே கிடக்கிறது. தேவை முடிந்த பிறகும் ஆட்களின் விவரங்களை வைத்திருக்கக் கூடாது என்றுதான் 2022 ஆம் ஆண்டின் 9 ஆம் இலக்கத் தரவுப் பாதுகாப்புச் சட்டமும் சொல்கிறது. பயம் நியாயம், சுத்தியல்தான் தேவையில்லை.

ஃபோர்மட் பண்ணிவிட்டோம் என்று நிம்மதியாக இருப்பவர்களும் கேளுங்கள். விரைவு ஃபோர்மட் துடைப்பது எந்தக் கோப்பு எங்கே இருக்கிறது என்ற அட்டவணையை மட்டுமே. கோப்புகள் தட்டில் அப்படியே இருக்கும். அமெரிக்காவில் இரண்டு ஆய்வாளர்கள் பாவித்த டிஸ்க்குகள் 158ஐ விலைக்கு வாங்கிச் சோதித்து, 2003 இல் முடிவை வெளியிட்டார்கள். வேலை செய்த 129 இல் ஒழுங்காக அழிக்கப்பட்டிருந்தவை 12 மட்டுமே. கடலில் எறிந்தால் தரவு அழிந்துவிடும் என்பவர்களுக்கு இன்னொன்று: அதே வருடம் வானில் சிதறிய கொலம்பியா விண்ணோடத்தின் கருகிய டிஸ்க் ஒன்றிலிருந்து 99 சதவீதத் தரவை நிபுணர்கள் மீட்டார்கள். (உங்கள் ஹோட்டல் கணக்குக்கு யாரும் அவ்வளவு செலவழிக்க மாட்டார்கள், அது வேறு கதை.)

நாங்கள் செய்வது இதுதான். சுழலும் தட்டுள்ள டிஸ்க் என்றால், தட்டு முழுவதையும் பூச்சியங்களால் ஒரு தரம் மேலெழுதுவோம். இன்றைய டிஸ்க்குக்கு ஒரு தரமே போதும். 35 தரம் மேலெழுத வேண்டும் என்பது 1996 ஆம் ஆண்டுக் கட்டுரை ஒன்றின் கதை, அதை எழுதியவரே பிறகு தேவையில்லை என்றுவிட்டார். 1 டெராபைட்டுக்குக் குறைந்தது இரண்டு மூன்று மணித்தியாலம் பிடிக்கும். விருப்பமானால் இருந்து பார்க்கலாம். சீரியல் இலக்கம் எழுதி, கையொப்பமிட்ட துண்டும் தருவோம்.

தட்டு இல்லாமல் சிப்புகளில் தரவை வைக்கும் எஸ்எஸ்டிக்கு இந்த முறை சரிவராது. எழுதும் இடத்தை அது தானாகவே மாற்றிக்கொண்டிருப்பதால், மேலெழுதினாலும் மூலை முடுக்கில் மிச்சம் இருக்கும். அதற்கு உற்பத்தியாளர் உள்ளேயே வைத்திருக்கும் அழிப்புக் கட்டளையைக் கொடுக்க வேண்டும். செத்துப்போன எஸ்எஸ்டி என்றால் திறந்து ஒவ்வொரு சிப்பையும் நொறுக்குவோம், உங்கள் கண்முன்னே. நடுவில் ஒரு ஓட்டை போட்டால் தப்பிய சிப்பில் தரவு தப்பிவிடும்.

உடைப்பது அந்த மாதிரிச் செத்தவற்றை மட்டும்தான். பெரிய கம்பனிகள் நல்ல டிஸ்க்குகளையும் அரைத்துத் தள்ளுகின்றன. அரைத்த குவியலில் அலுமினியம் மீளும். காந்தத்தில் உள்ள நியோடிமியம் பெரும்பாலும் வீண். மண்ணைத் தோண்டி எடுத்த உலோகம் அது. அழித்த பிறகு சோதித்து, பழுதுப் பகுதி இல்லாதவற்றை சிசிரிவிப் பெட்டிகளுக்கும் படிக்கும் பிள்ளைகளின் கம்ப்யூட்டர்களுக்கும் போடுகிறோம். வேண்டாம் என்றால் திருப்பித் தருவோம், அதில் வற்புறுத்தல் இல்லை.

பலரும் மறப்பது: சிசிரிவிப் பெட்டிக்குள்ளும் ஹார்ட் டிஸ்க் உண்டு, கந்தோர்களில் உள்ள பெரிய போட்டோகொப்பி மெஷின்கள் பலவற்றிலும் உண்டு. விற்கும் முன் கழற்றச் சொல்லுங்கள்.

கொண்டுவரும் முன் வேண்டிய படங்களையும் கணக்குகளையும் வேறொன்றில் பிரதி எடுத்துவிடுங்கள். அழித்ததை எங்களாலும் மீட்க முடியாது. லப்டொப் என்றால் சார்ஜரும் வேண்டும். வெள்ளிக்கிழமை ஜும்ஆ நேரத்தில் கடை பூட்டியிருக்கும்.

இப்படிக்கு,
கடையார், ஏகாம்பரம் வீதி, திருகோணமலை