பள்ளித் தண்ணீர்த் தொட்டிக்குப் பூட்டு எங்கே?

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

சாகக் கிடக்கும் துப்பறிவாளர் கடைசி மூச்சில் கிருமிச் சதியை உடைத்துப் பிள்ளைகளைக் காப்பாற்றுவது கதையில் நடக்கும். நிஜத்தில் சதி தாமதமாகத்தான் தெரிகிறது. 1984-இல் அமெரிக்காவின் ஆரிகன் மாநிலத்தில் உணவகங்களின் சாலட்டில் சிலர் வயிற்றுப்போக்கை உண்டாக்கும் சால்மோனெல்லா கிருமியைக் கலந்தார்கள். 751 பேர் நோயில் படுத்தார்கள். சமையல் ஆட்களின் சுத்தக்குறைவு என்றே அதிகாரிகள் முதலில் எண்ணினார்கள். சதி என்று வெளிவர ஓராண்டானது. இங்கே புதுக்கோட்டை மாவட்டம் வேங்கைவயலில், 2022 டிசம்பரில், குடிநீர்த் தொட்டியில் மலம் கலந்திருந்தது பிள்ளைகளுக்கு நோய் கண்ட பிறகே தெரிந்தது.

காலை உணவுத் திட்டம் 2022 செப்டம்பர் 15-இல் மதுரையில்தான் தொடங்கியது. பல பள்ளிகளில் சமையலுக்கும் குடிக்கவும் மாடியிலுள்ள சின்டெக்ஸ் தொட்டிதான். அதன் மூடிக்குப் பூட்டு வேண்டும். வழிந்தோடும் குழாய்க்கு வலை வேண்டும். பூச்சிமருந்தைக் கலந்தால் குளோரின் காப்பாற்றாது. ஆகவே பூட்டுதான் முதலில்.

குளோரின் போடுவதிலும் தவறு நடக்கிறது. 33 சதவீத வீரியமுள்ள பிளீச்சிங் பவுடர் 1,000 லிட்டருக்கு 5 கிராம் போதும். பிளாஸ்டிக் வாளியில் குழைத்து, தண்ணீர் விட்டுக் கலக்கி, சுண்ணாம்பு அடியில் படிந்ததும் தெளிந்த நீரை மட்டும் தொட்டியில் ஊற்ற வேண்டும். கசடோடு கொட்டினால் குழாய் அடைக்கும். அரை மணி நேரம் கழித்துக் கடைசிக் குழாயில் சோதித்தால் லிட்டருக்கு 0.2 மில்லிகிராம் குளோரினாவது மிஞ்சியிருக்க வேண்டும். குளோரினைச் சோதிக்கும் ஆர்த்தோடாலிடின் சொட்டு விட்டும் மஞ்சள் நிறம் வராவிட்டால், பிரித்துவைத்த பவுடர் காற்றுப்பட்டு வீரியம் இழந்திருக்கும். அல்லது தொட்டியின் சேறும் பாசியும் குளோரினைத் தின்றிருக்கும். கழுவாமல் மேலும் பவுடரைக் கொட்டிப் பயனில்லை.

துப்பு முதலில் கிடைக்கும் இடம் வருகைப் பதிவேடு. ஒரே வகுப்பில் மூன்று பிள்ளைகள் ஒரே நாளில் வாந்தி, பேதி என்று பள்ளிக்கு வராவிட்டால் உடனே குழாயை மூடுங்கள். ஆரம்ப சுகாதார நிலையத்துக்கோ 104 சுகாதார உதவி எண்ணுக்கோ சொல்லுங்கள். பதற்றத்தில் தொட்டியைத் திறந்துவிட்டுக் கழுவிவிடுகிறார்கள். காரணத்தைக் காட்டும் முக்கிய சாட்சி அந்தத் தண்ணீர்! மாதிரியை, குளோரினை முறிக்கும் சோடியம் தயோசல்பேட் இட்ட, கிருமிநீக்கிய பாட்டிலில் பிடிக்க வேண்டும். கழுவிய தண்ணீர் பாட்டில் ஆகாது. அதில் பிடித்தால், நீரில் மிஞ்சிய குளோரின் போகிற வழியிலேயே கிருமியைக் கொன்று, நல்ல தண்ணீர் என்று பொய்யான முடிவு வரும். ஐஸ் பெட்டியில் வைத்து அன்றே ஆய்வகம் சேர்க்க வேண்டும்.

மாவட்ட நிர்வாகம் ஒவ்வொரு பள்ளியிலும் தொட்டிச் சாவி யாரிடம், கடைசியாகக் கழுவிய தேதி என்ன என்று தொட்டியடியிலேயே எழுதிவைக்கச் செய்ய வேண்டும்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற சுகாதார ஆய்வாளர்கள்,
உசிலம்பட்டி.