ஆண்கள் அணிக்குப் போவது எப்படி உயர்வு?

ஆசிரியருக்கு வணக்கம்.

சென்ற இதழில் அமெரிக்கக் கூடைப்பந்துப் பயிற்சியாளர் பேட் சம்மிட் பற்றி வந்த கட்டுரையைப் படித்தேன். தமிழில் அவரைப் பற்றி எழுதியதற்கே நன்றி சொல்ல வேண்டும். ஆனால் கடைசிப் பத்தியில், டென்னசி பல்கலைக்கழக ஆண்கள் அணியின் பொறுப்பு தேடி வந்தபோது அவர் மறுத்துவிட்டார், ஏற்றிருந்தால் இன்னும் உயரத்துக்குப் போயிருப்பார் என்று வருத்தப்பட்டு எழுதியிருந்தீர்கள். அதை என்னால் ஏற்க முடியவில்லை. அது எப்படி உயர்வாகும் என்று அவரே அப்போது திருப்பிக் கேட்டிருக்கிறார்.

1974இல் 22 வயதில் அவர் டென்னசி பெண்கள் அணியைக் கையில் எடுத்தார். மேற்படிப்புக்கு வந்த இடத்தில், இருந்த பயிற்சியாளர் விடுப்பில் போனதால் கிடைத்த வேலை அது. மாதம் 250 டாலர். வேனை அவரேதான் ஓட்டினார், வீராங்கனைகளின் சீருடையையும் அவரேதான் துவைத்தார், அந்தச் சீருடைகூட டோனட் விற்ற காசில் வாங்கியது! முதல் ஆட்டத்தில் ஒரே ஒரு புள்ளியில் தோல்வி. அதே காலத்தில்தான், கல்லூரிக் கடைசி ஆண்டில் மோசமாக அடிபட்ட முழங்காலைத் தேற்றிக்கொண்டு, பயிற்சியும் கொடுத்துக்கொண்டு, தானும் ஆடித் தயாரானார். பெண்கள் கூடைப்பந்து முதன்முதலாக ஒலிம்பிக்கில் இடம்பெற்ற 1976 மாண்ட்ரியல் போட்டியில் அமெரிக்க அணியின் இணைத் தலைவியாக வெள்ளி வென்றார். 1984இல் லாஸ் ஏஞ்சலிஸில் பயிற்சியாளராகத் தங்கம்.

உங்கள் கட்டுரையில் விட்டுப்போன ஒன்று இருக்கிறது, எனக்கு அதுதான் முக்கியம். அப்போது டென்னசி மாநிலப் பள்ளிகளில் பெண்கள் ஆடியது வேறு ஒரு கூடைப்பந்து. அணிக்கு ஆறு பேர். மூன்று பேர் தாக்குவார்கள், மூன்று பேர் தடுப்பார்கள், யாரும் நடுக்கோட்டைத் தாண்டக் கூடாது. தடுக்கிற பக்கம் நிற்கும் பெண் பள்ளிக்காலம் முழுக்க ஆட்டத்தில் ஒரு முறைகூடக் கூடையை நோக்கிப் பந்து எறியாமலே போகலாம், அப்படி வந்த பெண்ணை எந்தக் கல்லூரி எடுத்துக்கொள்ளும், யார் உதவித்தொகை தருவார்கள், சொல்லுங்கள்? இந்த முறையை மாற்றச் சொல்லி ஒரு பள்ளி மாணவி நீதிமன்றம் வரை போனார். மாற்றத்துக்காகக் குரல் கொடுத்தவர்களில் சம்மிட்டும் ஒருவர். 1979இல்தான் டென்னசி பள்ளிகள் ஐந்து பேர் ஆடும் முழு மைதான ஆட்டத்துக்கு வந்தன. அவருடைய அண்ணன்மாருக்கு விளையாட்டு உதவித்தொகை கிடைத்தது, அவருக்குப் பெற்றோர்தான் பணம் கட்டிப் படிக்கவைத்தார்கள். பிறகு வந்த பெண்களுக்கு அந்த நிலை இருக்கக் கூடாது என்று வேலை செய்தவரைப் போய், ஆண்கள் அணிக்குப் போகவில்லையே என்று குறை சொல்வது சரியா?

எட்டு தேசியப் பட்டங்கள், 1,098 வெற்றிகள், 1997-98இல் 39 ஆட்டங்களில் ஒன்றில்கூடத் தோற்காத பருவம், எல்லாம் நீங்களே எழுதிவிட்டீர்கள். அவரிடம் முழுக்காலமும் ஆடி முடித்த அத்தனை வீராங்கனைகளும் கல்லூரிப் படிப்பை முடித்துப் பட்டம் வாங்கினார்கள் என்பதையும் சேர்த்திருக்கலாம். 38 ஆண்டு, ஒருவர்கூட விடுபடவில்லை. வகுப்பில் முன் மூன்று வரிசைகளில்தான் உட்கார வேண்டும், வகுப்பைத் தவறவிட்டால் ஆட்டமும் கிடையாது என்று கட்டாயமாக வைத்திருந்தார். நம் கல்லூரிகளில் விளையாட்டு ஒதுக்கீட்டில் சேரும் பிள்ளைகளின் பாடம் என்ன ஆகிறது என்று பார்த்தவள் என்பதால் இதை அழுத்திச் சொல்கிறேன்.

அப்புறம், அவருடைய நோயைப் பற்றி நீங்கள் எழுதியது ஒரே வரி. 2011 ஆகஸ்டில், 59 வயதில், தனக்கு அல்சைமர் என்ற மறதி நோய் வந்திருக்கிறது என்று அவரே வெளியில் சொன்னார். சொல்லிவிட்டு ஒதுங்கவில்லை, அடுத்த பருவம் முழுவதும் அணியோடு இருந்தார். 2012இல் அந்த இடத்துக்கு வந்த ஹாலி வார்லிக் அவரிடமே ஆடியவர், பல வருடம் அவருக்குத் துணைப் பயிற்சியாளராக இருந்தவர். இப்படி அவரிடம் ஆடிப் பயிற்சியாளர்களானவர்கள் இன்னும் நிறையப் பேர். அவர்களைப் பற்றியும் எழுதுங்கள். கட்டுரையைப் புத்தகமாகக் கொண்டுவரும் எண்ணம் இருந்தால், ஆண்கள் அணி பற்றிய அந்த வரியைத் தயவுசெய்து எடுத்துவிடுங்கள்.

முன்னாள் கல்லூரிக் கூடைப்பந்து வீராங்கனை,
திருச்சி