ஒரு சுவரை நெசவாளரிடம் கொடுங்கள்

யாழ்ப்பாணம் பொது நூலகத்துக்குப் பக்கத்தில் எழுந்துள்ள கலாசார மையத்தின் நிர்வாகத்தினருக்கு,

மதிப்புக்குரிய ஐயா, அம்மா,

வணக்கம். உங்கள் மையத்தின் பெரிய சுவர்களில் ஒன்றை, நெய்த சுவர்த்திரை ஒன்றுக்கு ஒதுக்கித் தாருங்கள் என்று கேட்கவே இந்த மடல். டாபெஸ்ட்ரி என்று சொல்வார்களே, அதுதான். வடக்கு மாகாணக் கைத்தறி நெசவாளர்களே அதை நெய்ய வேண்டும் என்பது என் விருப்பம்.

துணியில் படம் என்றதும் பலருக்குப் பத்திக் சாயவேலையோ பூத்தையலோ நினைவுக்கு வரும். அங்கெல்லாம் துணி முதலில், படம் பிறகு. சுவர்த்திரையில் இரண்டும் ஒன்றாகவே உருவாகின்றன. சாரம் நெய்யும்போது, ஊடை என்கிற குறுக்கு நூலைக் கொண்டுபோகும் நாடா கரைக்குக் கரை ஓடும். இதில் ஓடாது. சிவப்பு முடிகிற இடத்தில் சிவப்பு ஊடை திரும்பிவிடும். பக்கத்தில் நீலம் வந்து திரும்பும். ஒவ்வொரு நிறத்துக்கும் தனித்தனித் தார், அதாவது நூல் சுற்றிய குழல். ஊடையை நெருக்கி அடித்துப் பாவு, அதாவது நெடுக்கு நூல், வெளியே தெரியாதபடி மூடிவிட வேண்டும். இரண்டு நிறங்கள் பாவின் வழியே நீளமாகச் சந்தித்தால் துணி அங்கே பிளந்து நிற்கும், பிறகு தைக்க வேண்டும். நிமிர்ந்த உருவங்கள் நிறைந்த படங்களை ஐரோப்பியர் பெரும்பாலும் பக்கவாட்டில் படுக்கவைத்து நெய்ததற்கு இதுவும் ஒரு காரணம். அதுவும் பின்பக்கத்தில் இருந்துகொண்டு! தறியிலிருந்து அறுத்து எடுக்கும் நாளில்தான் நெய்தவருக்கே முழுப்படமும் வடிவாகத் தெரியும். (இங்கிலாந்தை நோர்மானியர் வென்ற கதையைச் சொல்லும் புகழ்பெற்ற பாயோ திரையை இதற்கு உதாரணம் காட்டுவோர் உண்டு. அது தையல் வேலை, நெசவே அல்ல.)

பைபிளின் கடைசி நூலைப் படமாக்கிய, பிரான்சின் அஞ்சே நகரில் உள்ள திருவெளிப்பாட்டுத் திரை 1370களில் ஒரு கோமகனின் கட்டளைக்கு நெய்யத் தொடங்கப்பட்டது. முதலில் ஏறத்தாழ 140 மீற்றர் நீளம். பிரெஞ்சுப் புரட்சிக்குப் பிறகு அதைத் துண்டுபோட்டு, தோடை மரங்களைக் குளிரிலிருந்து மூடவும் குதிரை லாயத்தில் கட்டவும் எடுத்தார்கள். பின்னர் தேடிச் சேர்த்ததில் 100 மீற்றர் அளவு மிஞ்சியது. பறிகொடுத்ததைத் தேடிச் சேர்ப்பது எப்படிப்பட்ட வேலை என்று இந்த ஊருக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை.

சரி, பிரான்சின் கலை நமக்கு எதற்கு? நம் தீவிலேயே தும்பறைப் பாய் இருக்கிறது. ஹண என்ற செடியின் நாரில் நெய்து சுவரிலும் தொங்கவிடும் அந்தக் கலையை யுனெஸ்கோ 2021இல் தன் மரபுரிமைப் பட்டியலில் சேர்த்தது. நம் பங்குக்குச் சிவப்புச் சாயம் தரும் சாயவேர் இருந்தது. யாழ்ப்பாணத்திலும் தீவுகளிலும் மன்னாரிலும் தோண்டிய அந்த வேரை ஒல்லாந்தர் தங்கள் தனியுரிமையாக வைத்திருந்தார்கள். ஐரோப்பியத் திரைகளின் சிவப்பு பெரும்பாலும் மஞ்சிட்டி இனத்து வேர் ஒன்றிலிருந்து வந்தது. அந்த வேரிலும் நம் சாயவேரிலும் நிறம் தருவது அலிசரின் என்ற ஒரே பொருள். 1869இல் ஆய்வுகூட அலிசரினுக்குக் காப்புரிமை கிடைத்தது. அதன்பின் இரண்டு வேர்களுக்கும் சந்தை விழுந்தது.

அழகை விட்டுவிடுவோம், காதுக்கும் இது நல்லது. இந்தியாவின் சண்டிகர் உயர்நீதிமன்றத்தை வடிவமைத்த கட்டடக்கலைஞர் லெ கொர்புசியே, கொங்கிறீற்று மண்டபங்களில் எதிரொலியை அடக்கக் காஷ்மீரில் கம்பளித் திரைகள் நெய்வித்தார். எட்டுத் திரைகள் 64 சதுர மீற்றர் வீதம், பெரியது 144. சில நீதிபதிகளுக்கு அவை பிடிக்கவில்லை என்பது வேறு கதை. நாதஸ்வரமும் பேச்சும் நடக்கும் மண்டபத்துக்கு இந்த யோசனை பொருந்தாதா?

கட்டளை கொடுப்பதாக இருந்தால் ஓவியரிடம் படத்தை வாங்கி நெசவாளரிடம் நீட்டிவிடாதீர்கள். பாரிஸில் சுவர்த்திரை நெய்யும் கொபெலின் பட்டறை அப்படித்தான் கெட்டது. எண்ணெய் ஓவியத்தை அப்படியே நகலெடுக்கப் போய் ஆயிரக்கணக்கான நிறச்சாயல்களில் மூழ்கிப்போனார்கள். இருபதாம் நூற்றாண்டில் பிரெஞ்சு ஓவியர் ஜான் லுர்சா நிறங்களைச் சில பத்துகளுக்குள் அடக்கி, வரைபடத்தில் ஒவ்வொன்றுக்கும் இலக்கம் போட்டுக் கொடுத்த பிறகுதான் பிரான்சின் ஒபுசோன் ஊர்த் தறிகளுக்கு உயிர் வந்தது. மருதனார்மடத்து நுண்கலை மாணவர் சிலரைத் தறிக்குப் பக்கத்தில் உட்காரவைத்து வரையச் சொல்லுங்கள்.

படத்தைப் பற்றியும் ஒரு வார்த்தை. நல்லூர்க் கோபுரம், ஒற்றைப் பனை, யாழ் ஏந்திய பெண்: இவை எல்லாக் காலண்டரிலும் இருக்கின்றன. கடல்நீரேரியில் மீன் பிடிக்க வரிசையாக நட்டு நிற்கும் களங்கட்டித் தடிகளைப் பாருங்கள். நேர்கோடும் படிக்கோடும், இடையில் தண்ணீரின் நாலைந்து நிறங்களும். தறிக்கென்றே நட்டது போல இருக்கும்.

நுணுக்கமான வேலையில் ஒருவர் ஒரு சதுர மீற்றர் நெய்யவே மாதக் கணக்கில் ஆகும். ஆகவே நெய்த நீளத்தை அளந்து கூலி பேசாதீர்கள், மாதச் சம்பளம் கொடுங்கள். கம்பளி நம் ஊருக்குச் சரிவராது, பூச்சி பிடிக்கும். தடித்த பருத்தி ஊடை போதும். வெயில் நேரே விழாத சுவராகத் தெரிவுசெய்யுங்கள், நிறம் வெளிறும்.

முழுத் திரைக்குத் துணிவில்லை என்றால், முதலில் மூன்று நெசவாளரிடம் ஆளுக்கு ஒரு சதுர மீற்றர் மாதிரி நெய்யக் கேளுங்கள். பார்த்துவிட்டு வேண்டாம் என்றால் பரவாயில்லை. ஆனால் அந்த மூன்று துண்டுகளுக்கும் கூலியைக் கொடுத்துவிடுங்கள்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற நெசவுப் போதனாசிரியர் ஒருவர்